கம்பெனிக் கருப்பு

“மேஸ்திரி, எனக்குக் கண்ணு போச்சுங்க.”

நாச்சிமுத்து ஸ்ப்ரே கன்னை மேசைமேல் வைத்தார். எறியவில்லை, தட்டவில்லை. திருப்பிக் கொடுக்கிற பொருளை வைப்பதுபோல் மெதுவாக வைத்தார்.

கலாமணி காப்பி குடித்துக்கொண்டிருந்தார்.

“எந்தக் கண்ணுங்கண்ணா?”

“ரெண்டும்ங்க.”

“காப்பி குடிக்கறீங்களா?”

“கண்ணு போச்சுன்னு சொல்றேன்…”

“காப்பி குடிக்கக் கண்ணு எதுக்குங்கண்ணா?”

நாச்சிமுத்து உட்கார்ந்தார். காப்பி வந்தது. குடித்தார். கண் போனவருக்கு நாக்கு நன்றாகவே இருந்தது. சர்க்கரை பத்தவில்லை என்றார்.

*

கோயமுத்தூரில், அவிநாசி ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி இருக்கிறது கலாமணியின் பட்டறை. முட்டி மோதி வருகிற கார்களுக்கு ஒடுக்கெடுத்துப் பெயின்ட் அடிக்கிற இடம். வெள்ளைக் கார் என்றால் யாரிடம் வேண்டுமானாலும் போவார்கள். கருப்புக் கார் என்றால் கலாமணியிடம் வருவார்கள். கம்பெனியில் அடித்த கருப்பு எங்கே முடிகிறது, கலாமணி அடித்த கருப்பு எங்கே தொடங்குகிறது என்று கண்டுபிடித்தவர் இதுவரை இல்லை.

கருப்பில் என்ன இருக்கிறது, கருப்பு கருப்புதானே என்று கேட்கிறவர்கள் ஒருநாள் பெயின்ட் கடையில் போய் நின்று பார்க்க வேண்டும். நீலம் ஓடுகிற கருப்பு உண்டு. சிவப்பு ஓடுகிற கருப்பு உண்டு. பழுப்பு ஓடுகிற கருப்பும் உண்டு. ஒவ்வொரு கம்பெனியும் தன் கருப்புதான் கருப்பு என்று சொல்லும்.

நாச்சிமுத்து கலாமணியைவிட நன்றாகவே மூத்தவர். கரூரில் பஸ் பாடிகளுக்குப் பெயின்ட் அடித்துத் தலை நரைத்தவர். மனைவி சரோஜாவுக்கு இங்கே ஒரு கல்லூரி ஹாஸ்டலில் சமையல் வேலை கிடைத்தது. இவரும் மூட்டை கட்டிக்கொண்டு கூடவே வந்துவிட்டார். வயதில் சின்னவரிடம் போய்த் தொழில் கற்பதில் அவருக்கு வெட்கம் இல்லை.

“பஸ்சுல தப்புப் பண்ணினா ரோட்டோட போயிரும்ங்க. கார்ல தப்புப் பண்ணினா ஓனரு தடவித் தடவிப் பாப்பாரு. அதைக் கத்துக்கணும்ங்க” என்று சொல்லித்தான் சேர்ந்தார்.

இப்போது அந்த மனிதர்தான் கன்னைத் திருப்பிக் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தார்.

*

“என்ன நடந்துச்சுங்கண்ணா?”

“சென்னியப்பன் காருங்க. முன்சக்கரத்துக்கு மேல ஆட்டோக்காரன் முட்டின இடது பெண்டரு.”

“சரி.”

“கதவுக்குள்ள ஒட்டியிருக்கற கலர் நம்பரைக் குடுத்தேன். கடையில அந்த நம்பருக்குத்தான் கருப்பு கலந்து குடுத்தாங்க. ஒரு கார்டுல அடிச்சுக் காய வெச்சு, கதவுகிட்டப் புடிச்சுப் பாத்தேன். கதவுல நீலம் இருக்குது. கார்டுல இல்லை.”

“சரி.”

“வேற டப்பாவுல கொஞ்சம் மாத்தி, ஒரு சொட்டு நீலம் ஊத்தினேன். பத்தலை. இன்னொரு சொட்டு ஊத்தினேன். பத்தலை.”

“அப்புறம்?”

“ஊத்திக்கிட்டே இருந்தேன். ஒருவழியாப் பெண்டர்ல அடிச்சு, காரை வெளிய தள்ளிப் பாத்தா, பள்ளிக்கூடத்துப் பையன் இங்க் பாட்டிலைக் கவுத்துன மாதிரி இருக்குதுங்க. தேச்சு எடுத்துட்டு மறுபடி அடிச்சேன். மறுபடியும் அதேதான்.”

கலாமணி டம்ளரைக் கீழே வைத்தார்.

“வெளிய வந்தப்ப கதவு எப்படிங்க இருந்துச்சு?”

நாச்சிமுத்துவின் குரல் இறங்கிப்போனது.

“அதுதானுங்க பயமா இருக்குது. வெளிய கதவுல நீலமே இல்லை. உள்ள கொண்டாந்தா இருக்குது. கண்ணு போறதும் வரதுமா இருக்குதுங்க.”

பெயின்ட்டருக்கு முதுகு வலிக்கலாம், மூச்சு வாங்கலாம். எதையாவது செய்து ஒப்பேற்றிவிடலாம். கண் தவறிவிட்டால் அதோடு சரி. நாச்சிமுத்து இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. சரோஜாவிடம் சொல்லி அழுதிருக்கிறார். சரோஜா கண்ணாஸ்பத்திரியில் டோக்கன் வாங்கி வைத்துவிட்டார்.

வெளியே ஒரு பஸ் போனது.

“அது என்ன கலருங்கண்ணா?”

நாச்சிமுத்து தலையைத் திருப்பினார்.

“செவப்பு. பின்னாடி இடிச்சிருக்கான். அந்தப் பக்கம் மட்டும் புதுசா அடிச்சதுங்க. ஆரஞ்சு கூடிப்போச்சு. அவசரத்துல அடிச்சவன் வேலை.”

கலாமணி அந்த பஸ்ஸைப் பார்த்தார். எவ்வளவு பார்த்தும் அவருக்கு ஒரே சிவப்பாகத்தான் தெரிந்தது.

“பஸ்சு தெரியுதுங்களே?”

“பஸ்சு தெரியுதுங்க. கருப்புதான் தெரியலை.”

*

இருவரும் பட்டறைக்குள் போனார்கள். சென்னியப்பனின் கார் நின்றுகொண்டிருந்தது. பெண்டர் மறுபடி தேய்க்கப்பட்டுச் சாம்பல் நிறத்தில் இருந்தது. பக்கத்தில் கதவு பளபளவென்று நின்றது.

கலாமணி காரின் முன்பக்கமாகப் போய்க் குனிந்து கதவைப் பார்த்தார்.

“எனக்கு நீலம் தெரியலையேங்கண்ணா.”

 இத்தனை நேரம் நாச்சிமுத்துவுக்கு உள்ளுக்குள் ஒரு மூலையில், மேஸ்திரியும் பார்த்துவிட்டு நீலம்தான் என்று சொல்லிவிடுவார் என்று ஒரு நப்பாசை இருந்தது. அதுவும் போயிற்று.

“நான் கெளம்பறனுங்க மேஸ்திரி.”

“போலாம், இருங்க. நீங்க எங்க நின்னு பாத்தீங்க?”

“இங்கதானுங்க.” கதவுக்கு நேர் எதிரே வந்து நின்றார்.

“நீலம் தெரியுதுங்களா?”

“நல்லாத் தெரியுதுங்க.”

“கண்ணை மூடுங்க.”

“எதுக்குங்க?”

“போன கண்ணுதானுங்களே. மூடினா என்ன?”

நாச்சிமுத்து மூடிக்கொண்டார்.

“இப்ப அந்த நீலத்தைச் சொல்லுங்க. துணிக்குப் போடற சொட்டு நீலமா?”

“இல்லீங்க. அதுல கொஞ்சூண்டு பச்சை கலந்திருக்குது. வெயில்ல கெடந்த நீலம்ங்க.”

“கதவு பூராவும் ஒரே மாதிரியா?”

“இல்லீங்க. மேல அடர்த்தி. கீழ வரவர வெளுப்பு.”

“வேற?”

நாச்சிமுத்து தயங்கினார். சொன்னால் சிரிப்பார்களோ என்று இருந்தது.

“நடுவுல குறுக்கால ஒரு கோடு போகுதுங்க. மடிச்சு வெச்ச துணியில விழுகுற மடிப்பாட்டம்.”

“கார் பெயின்ட்டுல மடிப்பு விழுமாங்கண்ணா?”

“அதனாலதானுங்க கண்ணு போச்சுன்னு சொல்றேன்!”

 கலாமணியின் செருப்புச் சத்தம் நாச்சிமுத்துவைத் தாண்டிப் பின்னால் போனது. பின்னாலிருந்து குரல் வந்தது.

“மூடினபடியே இந்தப் பக்கம் திரும்புங்க. இப்பத் தொறங்க.”

நாச்சிமுத்து திறந்தார்.

எதிரே தார்ப்பாய் தொங்கிக்கொண்டிருந்தது.

பக்கத்து இடத்தில் கிரானைட் அறுக்கிறவர்கள் புதிதாக வந்திருந்தார்கள். ஈரப் பெயின்ட்டில் கல்தூசி விழக் கூடாது என்று பட்டறையின் திறந்த பக்கத்தை அடைத்துக் கட்டிய தார்ப்பாய். நீலம். கொஞ்சூண்டு பச்சை கலந்த நீலம். மேலே கூரை நிழலில் அடர்த்தி, கீழே வெயில் பட்டு வெளுப்பு. நடுவில், குறுக்காக, மடித்து வைத்திருந்த மடிப்பு.

நாச்சிமுத்து தார்ப்பாயைப் பார்த்தார். கதவைப் பார்த்தார். மறுபடி தார்ப்பாயைப் பார்த்தார்.

“யாருங்க இதைக் கட்டினது?”

“நான்தானுங்கண்ணா. போன வாரம். நீங்க கரூருக்குக் கல்யாணத்துக்குப் போயிருந்தப்ப.”

நாச்சிமுத்து பையிலிருந்து முதல் கார்டை எடுத்தார். நீலம் ஊற்றாத கார்டு. வழக்கம்போல் கையைக் கொஞ்சம் சாய்த்துக் கதவருகே பிடித்தார். கார்டு மேலே தகரக் கூரையைப் பார்த்தது. நீலம் இல்லை.

கார்டை மெதுவாக நிமிர்த்தினார். கதவைப்போல நட்டமாக நிறுத்தினார்.

கார்டுக்குள் நீலம் வந்தது. மடிப்பும் வந்தது.

சாய்த்தார். போய்விட்டது.

நிமிர்த்தினார். வந்துவிட்டது.

திருவிழாவில் பொம்மை வாங்கின பிள்ளைபோல் திரும்பத் திரும்ப அதையே செய்தார். பிறகு கையில் கிடைத்த பிரைமர் டின்மேல் தொப்பென்று உட்கார்ந்து, தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. அழுகிறாரா சிரிக்கிறாரா என்று கலாமணிக்கே விளங்கவில்லை. இரண்டும்தான்.

“அண்ணா.”

“சொல்லுங்க மேஸ்திரி.” துண்டுக்குள்ளிருந்து வந்தது குரல்.

“இன்னொரு காப்பி?”

“சர்க்கரை தூக்கலாப் போடச் சொல்லுங்க.”

*

சரோஜாவுக்குப் போன் போட்டார்.

“கண்ணு இருக்குது சரோ!”

“எங்கே இருக்குது?”

“மூஞ்சியிலதான் இருக்குது. ஒண்ணும் ஆகலை. அந்த டோக்கனைத் திருப்பிக் குடுத்துரு.”

 அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது.

“ரெண்டு நாளா மனுஷியை உசுரோட கொன்னுட்டு, இப்ப இளிக்கறீங்களா? ராத்திரிக்கு என்ன வேணும்?”

“எது ஆக்கினாலும் சரி. ரெண்டு பங்கு ஆக்கு.”

*

காரை வெளியே தள்ளி, வெயில் படாத இடமாகப் பார்த்து நிறுத்தினார்கள். கதவை நன்றாகத் துடைத்து மெருகு போட்டார்கள். முதல் கார்டைக் கதவோடு ஒட்டி நிமிர்த்திப் பிடித்தார் நாச்சிமுத்து. கார்டு எங்கே என்று அவருக்கே தேட வேண்டியிருந்தது.

“கடைக்காரன் குடுத்த மொத டப்பா இருக்குதுங்களா?”

“அப்படியே இருக்குதுங்க.”

“நீலம் ஊத்தினது?”

“அது நெறைய இருக்குதுங்க. என்ன பண்றது?”

“பத்திரமா வையுங்கண்ணா. தார்ப்பாயில கீறல் விழுந்தா டச்சப் பண்ணிக்கலாம்.”

நாச்சிமுத்து சிரித்த சிரிப்பில் பக்கத்தில் கல் அறுத்துக்கொண்டிருந்தவர்கள் மெஷினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார்கள்.

காரை மறுபடி உள்ளே தள்ளி நாச்சிமுத்துவே அடித்தார். பெண்டரில் கருப்பு. கதவின் ஓரம்வரை கொஞ்சம் இழுத்துவிட்டுக் கோடு தெரியாமல் கரைத்தார். மேலே பளபளப்புக்குக் கிளியர். கலாமணி கிட்டவே வரவில்லை. மேசையில் உட்கார்ந்து போனில் யாரோ ஒருவரிடம் பம்பர் கிடைக்கவில்லை என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தார்.

*

மறுநாள் சாயங்காலம் சென்னியப்பன் வந்தார். மனைவியையும் கூட்டிக்கொண்டு, ஏதோ விசேஷத்துக்குப் போகிற அலங்காரத்தோடு வந்தார்.

காரைச் சுற்றி வந்தார். பெண்டரைத் தடவினார். தள்ளி நின்று பார்த்தார். கிட்டப் போய்ப் பார்த்தார். கொடுத்த காரைத் திரும்ப வாங்கும்போது குறை ஒன்றாவது சொல்லாவிட்டால் சிலருக்குத் தூக்கம் வராது. சென்னியப்பன் அந்த ரகம்.

குனிந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

“ஏனுங்க, இங்க செவப்படிக்குதுங்களே?”

கலாமணி நாச்சிமுத்துவைப் பார்த்தார்.

நாச்சிமுத்து வந்து, சென்னியப்பன் நின்ற இடத்திலேயே குனிந்து பார்த்தார். அவசரப்படாமல் பார்த்தார். அவர் முகம் மலர்ந்துபோனது.

“செவப்பு இல்லீங்க. கனகாம்பரம்.”

“என்னது?”

நாச்சிமுத்து நிமிர்ந்து, பெண்டருக்கு எதிரே கனகாம்பர நிறப் பட்டுச் சேலையில் நின்றிருந்த அம்மாவிடம் சொன்னார்.

“நேரமாச்சுங்கம்மா. வண்டியில ஏறி உக்காருங்க.”

அந்தம்மா கதவைத் திறந்து ஏறி உட்கார்ந்து, சேலைத் தலைப்பை உள்ளே இழுத்துக்கொண்டு கதவைச் சாத்தினார்.

பெண்டர் கருப்பாக இருந்தது.