கண்டநாதரும் கயிறில்லாக் கிணறும்

உங்கள் பாட்டனுக்குப் பாட்டன் பிறப்பதற்கும் முன்னால், முரலி நாடு என்று ஒரு நாட்டை வளைக்கோன் என்று ஒரு ராஜா ஆண்டு வந்தான். அந்த நாட்டுக் கிணற்றுக்குக் கயிறும் கிடையாது, வாளியும் கிடையாது. விளிம்பில் நின்று குரல் கொடுத்தால் தண்ணீர் தானே மேலே ஏறி வரும். குடத்தைச் சாய்த்து மொண்டுகொண்டு போகவேண்டியதுதான்.

ராஜா கெட்டவன் இல்லை. ஆனால் கடைசியாக யார் வந்து காதில் ஓதினார்களோ, அவர்கள் புத்திதான் அன்றைக்கு அவன் புத்தி. அந்தக் காதுக்குப் பக்கத்திலேயே ஆசனம் போட்டு உட்கார்ந்திருந்தவர் கண்டநாதர், அரண்மனையில் மந்திரம் ஓதுகிற ஒலிவேள்விக்காரர். கழுத்தில் பட்டுத்துணி சுற்றி, மிளகும் தேனும் விழுங்கிவிட்டுத்தான் வாயைத் திறப்பார். திறந்தால் மூட மாட்டார். அவர் தும்மினால்கூடப் பின்னால் நிற்கும் சீடர்கள் "உம், உம்" என்று தலையை ஆட்டுவார்கள்.

ஒரு நாள் இந்த மனுஷர் ராஜாவிடம் புகார் சொன்னார். ஊர்ப் பெண்கள் கிணற்றடியில் மாமியார் கதையும் மாட்டுக் கதையும் பேசித் தண்ணீரைக் கெடுக்கிறார்களாம். தண்ணீர் ஏறுவதே இவருடைய மந்திர ஒலிக்குத்தானாம். ஆகையால் கிணற்றுக்குக் கதவு போட்டுச் சாவியைத் தன் கையில் கொடுத்துவிட வேண்டுமாம். ராஜாவும் உடனே தச்சனைக் கூட்டிவர ஆள் அனுப்பிவிட்டான்.

மந்திரி மாசாத்திக்கு இது சரியாகப் படவில்லை. ஊருக்கே அந்த ஒரு கிணறுதான். சாவி இந்த ஆள் கைக்குப் போனால், குழந்தைக்குத் தொண்டை நனைக்கக்கூட இவர் காலில் விழவேண்டும். அதோடு, போன ஆடியில் நடந்த ஒன்று அவளுக்கு நினைவிருந்தது. சீடர்கள் எல்லாம் கல்யாணச் சாப்பாட்டுக்குப் போயிருந்த அன்று, இவர் தனியாகக் கிணற்றடியில் நின்று தொண்டை கிழியக் கத்தியும் ஒரு சொட்டு ஏறவில்லை. சந்தனம் சரியில்லை என்று முணுமுணுத்துக்கொண்டே திரும்பிப் போனார்.

"மகாராஜா, தண்ணீர் யார் குரலுக்கு ஏறுகிறதென்று பார்த்துவிட்டுக் கதவு போடலாமே" என்றாள் மாசாத்தி.

கண்டநாதர் உதட்டைச் சுழித்தார். "மந்திரியம்மா நெல் குதிர்களைப் பார்த்துக்கொள்ளட்டும். ஒலியின் சூட்சுமம் தொண்டை உள்ளவனுக்குத்தான் தெரியும்."

"எனக்கும் ஒன்று இருக்கிறது, சுவாமி. சோறு இறங்குகிறதே."

ராஜாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பு வந்தால் அவனுக்கு விபரீதமாகத்தான் ஏதாவது தோன்றும். மறுநாள் காலையில் போட்டி என்றான். தோற்றவர் ஊமைவேர் தின்னவேண்டும் என்றான். அந்த வேரை ஒரு கடி கடித்தால் போதும், ஆயுசுக்கும் குரல் வராது.

காலையில் கிணற்றடியில் ஊரே கூடியது. வெள்ளித் தட்டில் காய்ந்த இஞ்சி மாதிரி வேர் இருந்தது. மாசாத்தி அதை ஒரு தடவை பார்த்துக்கொண்டாள். தன் ஊகம் தப்பினால் இன்று பேசுவதுதான் கடைசிப் பேச்சு.

கண்டநாதர் கையை உயர்த்தி, ஈ எறும்பு மூச்சு விடக்கூடாது என்று உத்தரவு போட்டார்.

மாசாத்தி பணிவாகக் குனிந்தாள். "நியாயம்தான். ஆனால் இந்தச் சனங்களின் வாயை நம்ப முடியாது, சுவாமி. ஆளுக்கு ஒரு வாய் மோர் ஊற்றி அடக்கிக்கொள்ளச் சொல்லுங்களேன். உங்கள் ஒலியில் ஒரு தூசு கலக்காது."

தன் பெருமைக்குத் தகுந்த ஏற்பாடுதான் என்று அவருக்கு மனசு குளிர்ந்துவிட்டது. எல்லோரும் மோரை அடக்கினார்கள். சீடர்கள் அடக்கினார்கள். ராஜாவும் கன்னம் உப்ப உட்கார்ந்திருந்தான்.

கண்டநாதர் பட்டுத்துணியை அவிழ்த்துவிட்டு ஆரம்பித்தார். மரத்தில் இருந்த மயில்கள் பறந்து ஓடின. கழுத்து நரம்பு கொடி மாதிரி புடைத்தது. கிணற்றுக்குள் ஒரு தவளை புரண்டு படுத்தது, அவ்வளவுதான். இன்னும் உரக்கப் பாடினார். இன்னொரு மந்திரம் மாற்றினார். கடைசியில் குரல் கிழிந்து கோழி கொக்கரிப்பதுபோல் ஆனது. தண்ணீர் அசையவே இல்லை. மோர் புளிப்பு, அதுதான் தோஷம் என்றார்.

மாசாத்தி எல்லோரையும் மோரை விழுங்கச் சொன்னாள். கூட்டத்தில் குடத்தோடு நின்ற காரி என்ற பெண்ணைக் கூப்பிட்டாள். "உன் எருமை காணாமல் போனதே, அதைச் சொல்லு, தாயி."

காரி ராஜாவைப் பார்த்துக் கொஞ்சம் கூசினாள். பிறகு, "அதை ஏன் கேட்கிறீர்கள், பொழுது சாயப் பால் கறக்கப் போனால் கட்டுத்தறி காலியாகக் கிடக்கிறது" என்றாள்.

பெண்கள் பழக்கத்தில் "உம்" என்றார்கள். கிணற்றுக்குள் களக் என்று ஒரு சத்தம்.

சேறு வழியே குளம்புத் தடம் பிடித்துப் போனதைச் சொன்னாள். கூட்டமே "உம்" என்றது. தண்ணீர் பாதிக் கிணற்றுக்கு வந்தது. தடம் கண்டநாதர் வீட்டு வாழைத்தோட்டத்துக்குள் போய் நின்றது என்றாள். ராஜா ஆசனத்தில் முன்னால் நகர்ந்து, "உம், அப்புறம்?" என்று கேட்டுவிட்டான். தண்ணீர் விளிம்பைத் தாண்டி வந்து அவன் பாதத்தை நனைத்தது.

மாசாத்தி ராஜாவின் பக்கம் திரும்பினாள். "கத்துகிற வாய்க்கு இல்லை, மகாராஜா. கேட்கிற காதுக்குத்தான் நம் தண்ணீர் ஏறுகிறது. இவருக்கு இதுவரை ஏறியதெல்லாம் சீடர்கள் போட்ட 'உம்'முக்கு. இவர் யாருக்காவது 'உம்' சொல்லி யாராவது கேட்டதுண்டா?"

ஒருவரும் கேட்டதில்லை. சீடர்களே இல்லை என்று தலையாட்டினார்கள்.

ராஜா தன் முத்துமாலையைக் கழற்றி மாசாத்தி கழுத்தில் போட்டான். வேர்த் தட்டைக் கண்டநாதர் முன்னால் நகர்த்தச் சொன்னான். மாசாத்தி தடுத்தாள். "வேண்டாம், மகாராஜா. அந்தத் தொண்டைக்கு ஊரில் வேலை இருக்கிறது."

அன்றிலிருந்து கண்டநாதர் கிணற்றடியில் ஒரு முக்காலியில் உட்கார்ந்திருக்கிறார். தண்ணீருக்கு வருகிறவர்கள் மருமகள் கதை, மூட்டுவலிக் கதை, அடைக்கோழிக் கதை எல்லாம் சொல்லுவார்கள். அவர் "உம்" கொட்டவேண்டும். மனசில்லாமல் கொட்டினால் தண்ணீர் பாதியிலேயே நின்றுவிடும். காரியும் விடமாட்டாள். குடத்தைக் கீழே வைத்துவிட்டு, எருமைக் கதையை முதலிலிருந்து ஆரம்பிப்பாள்.