திரை மூலையில் ஒரு முகம்

ஜப்பானியத் தொலைக்காட்சியில் ஒரு வழக்கம் உண்டு. ஏதாவது காட்சி ஓடும்போது திரையின் மூலையில் சின்னதாக ஒரு கட்டம் தெரியும். அதற்குள், அந்தக் காட்சியைப் பார்த்துக்கொண்டிருக்கும் பிரபலத்தின் முகம். யானை குட்டி போட்டால் அந்த முகம் வியக்க வேண்டும். தொலைந்த நாய் வீடு திரும்பினால் அழ வேண்டும்.

ஹிரோசே அந்தக் கட்டத்துக்குள்ளேயே நரைத்தவர்.

நரைத்த பிறகு அவருக்கு ஒரு படத்தில் வேடம் கிடைத்தது. வாழ்க்கையிலேயே முதல் வேடம். படகுத்துறையில் நிற்கும் மீனவர். கடலுக்குப் போன மகன் இனி வரமாட்டான் என்று ஒருவர் வந்து சொல்வார். வந்தவர் வாய் திறப்பதற்கு முன்பே ஹிரோசேயின் கண் கலங்கிவிடும். எத்தனை முறை எடுத்தாலும் அப்படித்தான்.

“வேறு ஆளைப் போடலாமா என்று யோசித்துச் சொல்கிறேன்,” என்றார் இயக்குநர்.

ஹிரோசே மலையேறி மடத்துக்குப் போனார். அங்கிருந்த பிக்குணி மியோஷின்தான் அவருடைய குரு. வயதில் அவரைவிட இளையவர். மலையில் செல்போன் எடுக்காது என்பதால் ஹிரோசே மடத்துத் தொலைபேசி எண்ணை இயக்குநரிடம் கொடுத்திருந்தார்.

மறுநாள் காலை மலையையே காணவில்லை. எங்கும் மூடுபனி. இருவரும் நடக்கப் போனார்கள்.

“இந்த முகத்தை என்ன செய்வது, குருவே?”

“போன வாரம்கூடப் பார்த்தேன். பென்குயின் வழுக்கி விழுந்ததற்கு என்ன அழுகை! அதுவே எழுந்து போய்விட்டது. நீங்கள் நிறுத்தவில்லை.”

“அது என் பிழைப்பு.”

“சரி, ஒரு கதை சொல்கிறேன். நடந்துகொண்டே கேளுங்கள்.” அவர் முன்னால் நடந்தார். “ஒரு நரி ஆற்றைக் கடக்க வந்தது.”

“அடடா!”

“இன்னும் கடக்கவில்லை. வந்து பார்த்தால், ஆற்றில் தண்ணீரே இல்லை.”

“அய்யோ பாவம்!”

“நரிக்கு நல்லதுதானே?”

“ஆமாம் ஆமாம். அப்பாடா!”

பனி அடர்ந்தது. குருவின் சாம்பல் அங்கி முதலில் நிழலானது, பிறகு அதுவும் இல்லை. ஹிரோசே உம் கொட்டிக்கொண்டே நடந்தார். அப்படியா என்றார். பலே என்றார். ஏதோ ஒரு கணத்தில்தான் கதைக்குரல் எப்போதோ நின்றுவிட்டது புரிந்தது. அவ்வளவு நேரமும் பனிக்குத்தான் உம் கொட்டியிருக்கிறார்.

“குருவே?”

“காலையில் இயக்குநர் பேசினார்.” குரல் பக்கத்திலிருந்து வந்ததா, மேலிருந்தா, தெரியவில்லை.

“ரொம்ப சந்தோஷம்!” என்றார் உடனே. முகம் முழுக்கச் சிரிப்பு.

“நான் இன்னும் ஒன்றும் சொல்லவில்லையே.”

சிரிப்பை என்ன செய்வதென்று தெரியவில்லை. சோகமாக மாற்றிப் பார்த்தார். அதுவும் பொருந்தவில்லை. தேவதாரு மரங்கள் ஒவ்வொன்றாகத் தோன்றின, கரைந்தன. இமையில் ஈரம் கோத்தது. அது பனியின் ஈரம். தன் கையே தனக்குத் தெரியாத வெண்மை. கன்னங்கள் தாமாகத் தளர்ந்தன. வேடம் இருக்கிறதா, போய்விட்டதா? காது மட்டும் நின்றுகொண்டிருப்பது போலிருந்தது.

“என்ன சொன்னார்?”

அது அவருக்கே பழக்கமில்லாத குரலாக இருந்தது.

காலடி ஓசை நெருங்கியது. மியோஷின் எதிரில் வந்து நின்று அவர் முகத்தை ஒரு கணம் பார்த்தார்.

“நாளைக் காலை படகுத்துறைக்கு உங்களைத்தான் வரச் சொன்னார். அங்கே போயும் இப்படியே கேளுங்கள்.”