ஆனைத்துறைச் சுவடி

கருவாற்றங்கரை மடத்தில் நாவல் அடிகளுக்கு வயது நாற்பது. அவருடைய சீடர் மழவராயருக்கு அறுபது தாண்டிவிட்டது. ஒரு காலத்தில் பெரும்படையை நடத்திய மனுஷன், இப்போது மடத்துக்கு விறகு பிளந்துகொண்டு, அடிகள் கூப்பிட்டால் "வந்தேன் சாமி" என்று ஓடுவார். ஊரார் பார்த்துச் சிரிப்பார்கள். சிரிக்கட்டும், அது அவருக்கு ஒரு பொருட்டே இல்லை. அவர் தூக்கத்தைக் கெடுத்தது வேறு.

அரசர் கேட்டுக்கொண்டபடி, அவர் தாம் நடத்திய போர்களை எல்லாம் ஓலையில் எழுதி முடித்திருந்தார். ஒரு படை புறப்படுமுன், அதே இடத்தில் முன்பு நடந்ததைச் சொல்லும் சுவடியை முன்வரிசை வீரர்களுக்கு வாசித்துக் காட்டுவது அந்த நாட்டு வழக்கம். கேட்டதைக் கேட்டபடியே செய்வார்கள். இப்போது அரசரின் படை பக்கத்தில்தான் கூடாரம் போட்டிருந்தது. விடிந்ததும் ஆனைத்துறையில் ஆற்றைக் கடக்கப் போகிறது. சுவடியை வாங்கிப்போக, சேந்தன் என்ற குதிரைவீரன் மடத்து வாசலுக்கே வந்துவிட்டான்.

அந்தச் சுவடியில் ஒரு பொய் இருந்தது.

ஆனைத்துறையில் மழவராயரின் ஆட்கள் அறுபது பேர் செத்தது மெய். எதிரியின் அம்பு பட்டுச் செத்தார்கள் என்பது பொய். அவர்கள் மூழ்கிச் செத்தார்கள். ஆயுதம் பட்டு விழுந்தவனுக்குத்தான் அந்த நாட்டில் நடுகல். தண்ணீரில் போனவனுக்குக் கல்லும் கிடையாது, பூசையும் கிடையாது. அந்த அறுபது தாய்மார்களுக்காகத்தான் அம்பு என்று சொன்னேன் என்று மழவராயர் தமக்குத் தாமே சொல்லிக்கொள்வார். அதில் பாதி உண்மை. மீதிப் பாதி அவருடைய பெயரைக் காப்பாற்றியது.

சுவடியைக் கட்டிக்கொண்டே அவர் சேந்தனிடம் பேச்சுக் கொடுத்தார்.

"தம்பி, நாளைக்கு ஆழம் பாத்து இறங்கச் சொல்லு."

"ஆனைத்துறையிலயா? முழங்கால் தண்ணிதானே ஐயா. நீங்க கடந்த கதை எங்க எல்லாருக்கும் பாடம்." சேந்தன் சிரித்தான். "மழவராயர் ஆளுங்க எப்படி இறங்குனாங்களோ அப்படியேன்னு அரசர் சொல்லிட்டாரு. கேடயம் முதுகுல, கை ரெண்டும் சும்மா. நான் முன்வரிசை."

மழவராயர் சுவடியைக் கொடுக்காமல் எழுந்தார். நேரே அடிகளிடம் போனார். அடிகள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"சாமி, ஒண்ணு கேக்கணும்."

"கேளுங்க."

"செத்தவங்க மானத்துக்காக ஒரு பொய் எழுதினா, அது தப்பா?"

"என்ன பொய்?"

"சும்மா, பொதுவாத்தான் கேட்டேன்."

அடிகள் அவரை ஒரு கணம் பார்த்தார். பிறகு கீரையை ஒதுக்கி வைத்துவிட்டு எழுந்தார்.

"சுவடியை எடுத்துக்கிட்டு வாங்க. துறைக்குப் போவோம்."

சேந்தனும் சேர மூவரும் போனார்கள். மேற்கே மலையில் மழைமேகம் கட்டியிருந்தது. ஆறு செம்மண் நிறத்தில் சத்தமில்லாமல் ஓடியது. அடிகள் வேட்டியை மடித்துக் கட்டினார்.

"வாசிங்க. நீங்க வாசிக்கிறபடி நான் நடக்கிறேன்."

"சாமி, உங்களுக்கு நீச்சல் தெரியாதே."

"படையில எல்லாருக்கும் தெரியுமா?"

சேந்தன் தலையை ஆட்டினான். "எனக்கே தெரியாது சாமி."

"வாசிங்க" என்றார் அடிகள்.

மழவராயர் ஓலையைப் பிரித்தார். "ஆனைத்துறையில் நீர் முழங்கால் அளவே. மணல் கெட்டி."

அடிகள் இறங்கினார். முழங்கால் அளவுதான் இருந்தது. மணலும் கெட்டிதான். அதுவரைக்கும் உண்மை.

"அக்கரையில் தெரியும் கரும்பாறையை நோக்கி வீரர் நேரே நடந்தனர்."

அடிகள் பாறையைப் பார்த்துத் திரும்பி நேரே நடந்தார். தண்ணீர் தொடைக்கு ஏறியது. மழவராயரின் குரல் கம்மியது.

"காதுல விழலை. சத்தமா வாசிங்க."

"ஒருவரும்... ஒருவரும் தயங்கவில்லை."

அடிகள் தயங்கவில்லை. இடுப்பு நனைந்தது. நீரின் இழுப்பில் அவர் உடம்பு ஒரு பக்கம் சாய்ந்தது, நிமிர்ந்துகொண்டார். ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. இந்த மனிதர் சொன்னால் சொன்னபடி செய்கிறவர் என்பது மழவராயருக்குத் தெரியும். இவருக்கும் ஆட்கள் மூழ்கிய இடத்துக்கும் இன்னும் பத்தடி இருந்தால் அதிகம்.

"சாமி, போதும். வந்துடுங்க."

"அப்படியா எழுதியிருக்கு?"

"இல்லை."

"எழுதினதை வாசிங்க."

மழவராயர் அடுத்த வரிக்குப் போனார். "நடு ஆற்றில்... நடு ஆற்றில் எதிரியின் அம்பு..."

அடிகள் ஆகாயத்தைப் பார்த்தார். "அம்பு எதையும் காணோம். மேல நடக்கட்டுமா?"

தண்ணீர் நெஞ்சுக்கு வந்திருந்தது. அடிகள் காலைத் தூக்கினார்.

"நில்லுங்க சாமி. பள்ளம்."

ஓலை கீழே விழுந்தது. மழவராயர் வேட்டியோடு ஆற்றில் இறங்கி ஓடினார். அவருக்கும் நீச்சல் தெரியாது, அது அப்போது நினைவிலேயே இல்லை.

"அங்க பள்ளம். கால் வைக்காதீங்க. அங்கதான் போனாங்க."

அடிகள் தூக்கிய காலைப் பழைய இடத்திலேயே வைத்தார். "யாரு?"

"என் ஆளுங்க."

"அம்பு பட்டுத்தானே செத்தாங்க?"

"அம்பே இல்லை சாமி." மழவராயர் இடுப்பளவு நீரில் நின்று கத்தினார். "எதிரி முந்தின நாளே ஓடிட்டான். துரத்திப் பிடிச்சுடணும்னு எனக்கு வெறி. ஒரு கழியை விட்டு ஆழம் பாத்திருக்கலாம், பாக்கலை. கேடயத்தை முதுகுல கட்டுங்கடான்னு நான்தான் சொன்னேன். தோல் கேடயம். வெள்ளம் அதைப் பிடிச்சு இழுத்துக்கிட்டுப் போயிடுச்சு. கட்டை அவுக்க நேரமில்லை. முன்னால போனவன் முங்குனது பின்னால வந்தவனுக்குத் தெரியலை. நேரா நடன்னு சொல்லியிருந்தேன், நடந்தாங்க."

கரையில் சேந்தன் கேட்டுக்கொண்டு நின்றான். அவன் கை முதுகுப் பக்கம் போய் கேடயத்தின் வாரைத் தொட்டுப் பார்த்தது.

அடிகள் கையை நீட்டினார். மழவராயர் பிடித்துக்கொண்டார். ஒருவரை ஒருவர் பிடித்தபடி இருவரும் கரையேறினார்கள். அடிகளுக்குப் பல் கிடுகிடுத்தது. பயந்துதான் போயிருக்கிறார், ஆனால் அதை மறைக்க அவர் ஒன்றும் செய்யவில்லை.

மழவராயர் மணலில் உட்கார்ந்து அழுதார். இத்தனை வருஷமாக அழாத அழுகை. பிறகு அந்த ஓலையைத் தேடி எடுத்து, சுவடிக் கட்டிலிருந்து உருவி, இரண்டாக ஒடித்தார்.

"தம்பி, இப்ப நீ கேட்டதை அப்படியே அரசர்கிட்ட சொல்லு. நானும் வர்றேன். முன்வரிசைக்கு நானே வாயால சொல்றேன்."

சேந்தன் குதிரையை அவிழ்க்கப் போனான்.

மழவராயர் எழுந்திருக்கவில்லை. "சாமி, நாளைக்கு இறங்குறவங்க பிழைச்சுக்குவாங்க. ஆனா இது ஊர் ஊராப் போயிடும். மூழ்கிச் செத்தவனுக்குக் கல்லான்னு கேப்பாங்க. அறுபது கல்லையும் புடுங்கிப் போட்டுடுவாங்க. அந்தத் தாய்மாருங்க மூஞ்சியில நான் எப்படி முழிப்பேன்?"

அடிகள் வேட்டி முனையைப் பிழிந்துகொண்டிருந்தார். அவர் கண் ஆற்றிலேயே இருந்தது.

"புடுங்கினா புடுங்கட்டும். கல்லை வீணாக்காம இங்க கொண்டுவரச் சொல்லுங்க. பள்ளம் தொடங்குற இடத்துல வரிசையா நட்டுடலாம்."