நன்றி இடித்த மதில்

ஜவ்வரிசி தயாரிக்கும் சேகோ ஆலையின் முதலாளி குழந்தைவேலு தேர்தலில் ஜெயித்து அமைச்சராகிவிட்டார். அவருடைய ஆலை மதில், ஊரின் பொதுப்பாதையை மறித்து ஏழு வருஷமாக நின்றது. பிரசவத்துக்குக்கூட மூன்று மைல் சுற்றித்தான் போக வேண்டும்.

பாராட்டு விழாவன்று ஆலைக்குள் போட்ட பந்தல் காலியாகக் கிடந்தது; ஊர் மதிலுக்கு அந்தப் பக்கம் இருந்தது. பத்திரிகைக்காரர்கள் கேமராவோடு காத்திருந்தார்கள். அமைச்சர் மைக்செட்காரன் மாதையனிடம் சீறினார்.

"அரை மணியில ஊர்ச்சனம் ஒருத்தர் விடாம இங்க வரணும். இல்லேன்னா இந்தத் தொகுதியில நீ குழாய் ஸ்பீக்கர் கட்ட முடியாது."

"சரிங்க" என்ற மாதையன் மைக்கைப் பிடித்தான். "தாய்மாரே, பெரியவங்களே! நீங்க சுத்தி வந்து கஷ்டப்படக்கூடாதுன்னு அமைச்சர் மதிலை இப்பவே இடிக்கச் சொல்லிட்டாருங்க. ஐயாவுக்கு நன்றி!"

மதிலுக்கு அந்தப் பக்கம் கைதட்டல் அதிர்ந்தது. கேமராக்கள் அமைச்சரிடம் திரும்பின.

"நான் எப்படா சொன்னேன்?" என்று அவர் பல்லைக் கடித்தார்.

"அரை மணியில வரச் சொன்னீங்களே. வேற வழி ஏதுங்க?"

ஒரு நிருபர் கேட்டார்: "பொதுப்பாதையிலயா மதில் கட்டியிருந்தீங்க?"

அமைச்சர் அவசரமாகச் சிரித்து, ஆலையின் பொக்லைனையே வரவழைத்தார்.

இடிந்த மதில் வழியே முதலில் வந்தவள் நிறைமாதக்காரி கந்தாயி. அமைச்சருக்கு மாலை போட்டாள். பிறகு மைக்செட் வண்டிக்குப் போய், "நல்லா இருங்கண்ணே" என்று மாதையனைக் கண்கலங்கக் கும்பிட்டாள்.