பெலூசிட் தண்ணீர்

ஓர் ஆங்கிலம்-தமிழ் அகராதியில் பெலூசிட் என்று ஒரு சொல் குடியிருந்தது. நல்ல குடும்பம், லத்தீன் வழி வந்தது. ஆனால் அதைத் தேடி ஆள் வந்து வருஷக்கணக்காகிவிட்டது.

அதன் பொருளில் ஒரு குறையும் இல்லை. 'அடி தெரியும்படி தெளிந்த நீர். சட்டென்று விளங்கும் தெளிவான எழுத்து. இவற்றைக் குறிக்கும் அடைமொழி' என்று அழகாக அச்சிட்டிருந்தார்கள். கூடவே பொடி எழுத்தில் 'இலக்கிய வழக்கு, அரிது' என்று ஒரு குறிப்பு. அக்கம்பக்கத்துச் சொற்களுக்கெல்லாம் கீழே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. பெலூசிட்டுக்கு மட்டும் இல்லை.

"சட்டுன்னு விளங்கும்னு உனக்குப் பொருளு. ஆனா நீ ஒருத்தருக்கும் விளங்க மாட்டே. நல்ல ஜாதகம்டா உனக்கு" என்று கீழ்வீட்டு பெல்விஸ் கிண்டல் செய்யும். பெல்விஸ் என்றால் இடுப்பெலும்பு. அதற்கு எடுத்துக்காட்டும் உண்டு, படமும் உண்டு. ஊரில் யாராவது வழுக்கி விழுந்தால் போதும், அதைத் தேடி விரல் வந்துவிடும்.

"ஒரே ஒரு தடவை யாராவது என்னைப் புழங்கினாப் போதும்" என்று பெலூசிட் ஏங்கிக்கொண்டிருந்தது.

அகராதியின் சொந்தக்காரர் மாசிலாமணி. பேரூராட்சி அலுவலகத்துக்கு எதிரே புங்கமரத்தடியில் மேசை போட்டு மனு எழுதிக் கொடுப்பவர். அவருக்கு மூன்று கொள்கைகள். ஒன்று, தமிழில் எழுதினால் பதில் வரும், ஆங்கிலத்தில் எழுதினால்தான் வேலை நடக்கும். இரண்டு, அதிகாரிக்குப் புரியாத சொல் மனுவில் ஒன்றாவது இருக்க வேண்டும். "புரிஞ்ச மனுவை மடிச்சு வெச்சிடுவாங்க. புரியாததைக் கண்டாத்தான் ஒரு பயம் இருக்கும்" என்பார். மூன்று, அங்கங்கே அடித்தல் திருத்தல் வேண்டும். அப்போதுதான் யோசித்து எழுதியது தெரியும்.

வருகிறவர்களும் சளைத்தவர்கள் இல்லை. தங்களுக்குப் படிக்கத் தெரியாத வரிகளை விரலால் தடவிப் பார்த்து, "நல்லா கனமா எழுதியிருக்கீங்கல்ல?" என்று கேட்டுக்கொண்டுதான் போவார்கள்.

அன்று காலை, மாடிப்படியில் உருண்டுவிட்ட ஒருவருக்காக மாசிலாமணி பெல்விஸைத் தேடினார். விரல் இறங்கிய வழியில் பெலூசிட் இருந்தது. அது மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது.

"அட, இது யாரு புதுசா?" என்றார் மாசிலாமணி.

நேரம் பார்த்தாற்போல் அங்கம்மா வந்து நின்றாள். கிணற்றடித் தெருவில் பூக்கட்டி விற்கிறவள்.

"ஐயா, எங்க தெருக் குழாயில மூணு மாசமாத் தண்ணி கலங்கலா வருது. மக தலைப்பிரசவத்துக்கு வந்திருக்கா. இன்னும் இருபது நாள்தான். புள்ள வந்து விழறதுக்குள்ள நல்ல தண்ணி வரணும். பச்சப்புள்ளைய அந்தச் சேத்துத் தண்ணியிலயா குளிப்பாட்டறது?"

"வரும். வரவெச்சிடுவோம்" என்று மாசிலாமணி பேனாவைத் திறந்தார். முதலில் 'க்ளீன் வாட்டர்' என்று எழுதினார். உதட்டைப் பிதுக்கினார். க்ளீன் மேல் ஒரு கோடு போட்டு, அதன் தலைக்கு மேலே பெலூசிட்டை ஏற்றி உட்கார வைத்தார்.

"இத்தனை வருஷம் மாடா உழைச்சவன் நான். நேத்து வந்தவனுக்கு நாற்காலியா?" என்றது க்ளீன், கோட்டுக்கு அடியில் கிடந்தபடி.

"கோவிச்சுக்காதேப்பா. பெரிய இடத்துக்குப் போற காகிதம். கொஞ்சம் அந்தஸ்து வேணாமா?" என்றது பெலூசிட். அதற்குக் கால் தரையில் பாவவில்லை.

பேனா உலக அனுபவம் உள்ளது. "தம்பி, போற இடத்துல உன்னைத் தெரிஞ்சவங்க யாராச்சும் இருக்காங்களா?" என்று கேட்டது.

"தெரியாட்டி என்னண்ணே? பக்கத்துல கேட்டுத் தெரிஞ்சுக்குவாங்க."

"ஆபீஸ்ல கேட்டுத் தெரிஞ்சுக்குவாங்களா? சரிதான், போயிட்டு வா."

மாசிலாமணியின் வாக்கியம் நான்கு வரி நீளம் போயிற்று. அங்கம்மா பெலூசிட் வேண்டும் என்கிறாளா, வேண்டாம் என்கிறாளா என்பது எழுதிய பேனாவுக்கே கடைசிவரை தெரியவில்லை.

அலுவலகத்தில் எழுத்தர் சாந்தகுமாரி மனுவைப் பிரித்தார். பெலூசிட் முதுகை நிமிர்த்திக்கொண்டது. அவர் இரண்டு முறை படித்தார். பக்கத்து நாற்காலியைத் திரும்பிப் பார்த்தார். கேட்டால், 'எம்.ஏ. படிச்சிருக்கீங்க, இது தெரியாதா?' என்பார்கள். 'தக்க நடவடிக்கைக்கு' என்று எழுதித் தலைமை எழுத்தர் மேசைக்குத் தள்ளினார்.

தலைமை எழுத்தர் பரசுராமனுக்கு இருபத்தாறு வருஷ சர்வீஸ். அவருக்குத் தெரியாத ஒன்று அந்தக் கட்டடத்துக்குள் இருக்கக் கூடாது. "ஓ, பெலூசிட்டா!" என்று நாலு பேர் கேட்கச் சொல்லிவிட்டு, 'இருப்பு விவரம் தருக' என்று கிடங்குக்கு அனுப்பினார்.

மூன்றாம் நாள் கிடங்கிலிருந்து பதில் வந்தது. 'பெலூசிட் இருப்பில் இல்லை. பிளீச்சிங் பவுடர் மட்டும் உள்ளது.'

கிடங்கிலேயே இல்லாத பொருள் கிணற்றடித் தெருத் தண்ணீரில் எப்படி வந்தது? பரசுராமனுக்குத் திக்கென்றது. மனுவைக் கையோடு சுகாதார ஆய்வாளருக்கு அனுப்பினார். அவர் பெயர் வில்வநாதன். மிகவும் சுறுசுறுப்பானவர். அதுதான் வினை. மறுநாளே எழுதிவிட்டார்: 'பெலூசிட் பரவாமல் இருக்க மருந்து தெளிக்கப்பட்டது. முன்னெச்சரிக்கையாகக் குழாய் மூடி முத்திரையிடப்பட்டது.'

கோப்புக்குள் பெலூசிட்டுக்கு மூச்சு முட்டியது. மேலே தொப்பென்று வந்து விழுந்த ரப்பர் முத்திரை, "யாருய்யா நீ?" என்று கேட்டது.

"நான் தெளிவானவன்."

"நீயா? உன்னால இங்க எட்டுத் தாளு குழம்பிக் கிடக்கு. எனக்குக் குத்திக் குத்திக் கை வலிக்குது."

பக்கத்தில் நின்ற வாட்டர் அதுவரை வாயைத் திறக்கவில்லை. இப்போது திறந்தது. "ஒரு வாரமா உன்கூடத்தான் நிக்கிறேன். எனக்கே நீ யாருன்னு தெரியலை. மூணு மாசமா என் மேல சேறு. அதைச் சொல்லத்தான் அந்தம்மா வந்துச்சு. நீ முன்னால வந்து நின்னதுல அந்தச் சேறும் கண்ணுக்குத் தெரியாமப் போச்சு."

பெலூசிட் ஏதோ சொல்ல வாயெடுத்தது. அதற்குள் இன்னொரு சேதி வந்தது. தெருமுனையில் அதன் பேரைப் பெரிதாக, சிவப்புப் பெயிண்டில் எழுதிப் பலகை வைத்திருக்கிறார்களாம்! பெலூசிட்டுக்குத் தலைகால் புரியவில்லை. எத்தனை சொற்களுக்குக் கிடைக்கும் இந்தப் பாக்கியம்! பலகையில் என்ன எழுதியிருக்கிறது என்று பிறகுதான் கேட்டது.

'இத்தெருவில் பெலூசிட் தண்ணீர். குடிக்க வேண்டாம்.'

அவ்வளவுதான், ஊர் ரெண்டுபட்டது. பெலூசிட் ஒட்டிக்கொள்ளும் என்று அங்கம்மாவிடம் பூ வாங்குவதை அடுத்த தெருக்காரர்கள் நிறுத்திவிட்டார்கள். தன் முட்டிவலி பெலூசிட்டால் வந்ததுதான் என்று ஒருவர் அடித்துச் சொன்னார். கலங்கலாகவாவது வந்துகொண்டிருந்த தண்ணீரும் நின்றுபோக, கிணற்றடித் தெருப் பெண்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஊர்க்கோடிக்கு நடந்தார்கள். நிறைமாசக்காரியும் ஒரு குடத்தோடு கிளம்பியதைப் பார்த்ததும் அங்கம்மாவுக்குப் பொறுக்கவில்லை. பானையில் மிச்சமிருந்த தண்ணீரை ஒரு கண்ணாடி டம்ளரில் மொண்டுகொண்டு நேரே அலுவலகத்துக்குள் நுழைந்தாள்.

செயல் அலுவலர் கோதைநாயகி அந்த ஊருக்கு வந்து ஒரு வாரம்தான் ஆகிறது. அவர் மேசையில் டம்ளரை வைத்த அங்கம்மா, வளையலில் மாட்டியிருந்த ஊக்கைக் கழற்றி அதற்குள் போட்டாள்.

"அம்மா, ஊக்கு தெரியுதா?"

கோதைநாயகி குனிந்து பார்த்தார். "தெரியலையே."

"அது தெரியணும்மா. தண்ணிக்குள்ள போட்டா அடி தெரியணும். நான் கேட்டது அவ்வளவுதான். அதுக்குப் போயி குழாயையே அடைச்சுட்டாங்க. இன்னும் ஒம்பது நாளுல புள்ள பொறந்துரும். எதைவெச்சுக் குளிப்பாட்டுவேன்?"

கோதைநாயகி கோப்பை வரவழைத்தார். முதல் தாளிலேயே நின்றார். "பெலூசிட்னா என்ன?"

பதினோரு நாளில் அந்தக் கேள்வியை அங்கே ஒருவரும் வாய்விட்டுக் கேட்டதில்லை. சாந்தகுமாரி மின்விசிறியைப் பார்த்தார். வில்வநாதன் செருப்பைப் பார்த்தார். "அது வந்து மேடம், ஒரு மாதிரி... தண்ணில வரும்" என்றார் பரசுராமன்.

"எனக்கும் தெரியாது. எழுதினவரைக் கூப்பிடுங்க" என்றார் கோதைநாயகி.

மாசிலாமணி அகராதியை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்தார். பக்கத்தைப் புரட்டி உரக்கப் படித்தார். "அடி தெரியும்படி தெளிந்த நீர்."

வாசற்படியில் நின்றிருந்த குழாய் ஃபிட்டர் ஆரோக்கியம்தான் முதலில் பேசினார். "மேடம், அந்தத் தெருவுல சாக்கடைக்குப் பக்கத்துல குழாய் உடைஞ்சிருக்கும். அதான் மண்ணு இறங்குது. அரை நாள் வேலை. தண்ணி கலங்கலா வருதுன்னு ஒரு வரி எழுதியிருந்தா அன்னிக்கே முடிச்சிருப்பேனே!"

"இதை அடிச்சிட்டு அந்தம்மா சொன்னதை அப்படியே எழுதுங்க" என்றார் கோதைநாயகி.

மாசிலாமணிக்கு மனசு வரவில்லை. "நல்ல சொல்லு மேடம். இந்த ஜில்லாவுலயே ஒருத்தரும் போட்டிருக்க மாட்டாங்க" என்று இழுத்தார். பேனா பெலூசிட்டின் தலைக்கு மேலே வந்து தயங்கி நின்றது.

பெலூசிட் டம்ளரைப் பார்த்தது. எத்தனை வருஷம் காத்திருந்து கிடைத்த இடம்! அதற்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஆனால் அந்தத் தண்ணீருக்குள் ஓர் ஊக்கு கிடக்கிறது, யார் கண்ணுக்கும் தெரியாமல்.

"கோடு போடுங்கண்ணே" என்றது.

"யோசிச்சுத்தான் சொல்றியா தம்பி? மறுபடி எப்ப வாய்க்குமோ?"

"தெளிவுன்னு பேரு வெச்சுக்கிட்டு நானே மறைச்சுக்கிட்டு நிக்கிறேன். போடுங்க."

பேனா கோடு போட்டது. மேலே தமிழில் எழுதியது: 'குழாயில் தண்ணீர் கலங்கலாக வருகிறது. அடி தெரியும் தண்ணீர் வேண்டும்.'

"அப்ப நானு?" என்றது கீழே கிடந்த க்ளீன். அதை யாரும் கவனிக்கவில்லை.

மறுநாள் தெருவைத் தோண்டினார்கள். ஆரோக்கியம் சொன்ன இடத்திலேயே குழாய் உடைந்திருந்தது. மாலைக்குள் மாற்றியாயிற்று. எட்டாம் நாள் அங்கம்மாவின் மகள் பெண் குழந்தை பெற்றாள். வீட்டுக்கு வந்ததும் காலை நீட்டி உட்கார்ந்து, பேத்தியைக் கால்மேல் கிடத்திக்கொண்டு, அங்கம்மா அண்டாவிலிருந்து தண்ணீர் மொண்டாள். அண்டாவின் அடியில் இருந்த பழைய ஒடுக்கு அவளுக்கு நன்றாகத் தெரிந்தது.

அகராதிக்குள் பெல்விஸ் காத்திருந்தது. "என்ன, அடிச்சு அனுப்பிட்டாங்களாமே?"

"ஆமா."

"வருத்தமா?"

"இருக்கு. ஆனா என்னை எடுத்த பிறகுதான் உள்ள இருந்தது எல்லாருக்கும் தெரிஞ்சுது. என் வேலையே அதுதானே?"

பெல்விஸுக்கு அன்றைக்குக் கிண்டல் செய்யத் தோன்றவில்லை.

தெருமுனைப் பலகை மட்டும் அப்படியே நின்றது. வைப்பதற்குத்தான் உத்தரவு இருந்தது, எடுப்பதற்கு இல்லை. அங்கம்மா பார்த்தாள், மண்ணெண்ணெயில் துணியை நனைத்து இரண்டாவது வரியைத் தேய்த்து அழித்துவிட்டாள். முதல் வரி மிஞ்சியது.

ஒருநாள் பிளாஸ்டிக் வாளி விற்க வந்த வெளியூர்க்காரர் ஒருவர், பலகையைப் பார்த்து சைக்கிளை நிறுத்தினார். "ஏம்மா, பெலூசிட் தண்ணின்னு போட்டிருக்கே. அப்படின்னா என்ன?"

அங்கம்மா குழாயைத் திறந்து கண்ணாடி டம்ளரில் தண்ணீர் பிடித்தாள். வளையலிலிருந்து ஊக்கைக் கழற்றி உள்ளே போட்டு அவர் முன்னால் நீட்டினாள்.

அவர் உற்றுப் பார்த்தார். "உள்ள ஊக்கு கிடக்கேம்மா!"

"அதுதான்" என்றாள் அங்கம்மா.