வேரைப் பார்க்க ஆசைப்பட்ட பெருச்சாளி

மலையடிவாரக் காட்டில் நாவல் குட்டை என்று ஒரு குட்டை இருந்தது. அந்தச் சுற்றுவட்டாரத்தில் கோடையிலும் வற்றாத தண்ணீர் அது ஒன்றுதான். அதன் கீழைக்கரையில் மூக்கன் என்ற பெருச்சாளி வளை தோண்டிக் குடியிருந்தது.

மூக்கனுக்குச் சாப்பாட்டுக்குக் குறைவே இல்லை. நண்டும் நத்தையும் கிழங்கும் வாசலிலேயே கிடைக்கும். பெயர்தான் கெட்டுக் கிடந்தது. எங்கே கரை சரிந்தாலும் சரி, எங்கே வரப்பு உடைந்தாலும் சரி, "பெருச்சாளி வேலையாத்தான் இருக்கும்!" என்று ஊரே சொல்லும். மூக்கன் அந்தத் திசைப் பக்கமே போயிருக்காது. பழி மட்டும் அதன் தலையில் விழும். "பிள்ளையாரையே சுமந்த குலம் எங்க குலம்! எங்களுக்கா இந்தப் பேர்?" என்று தனியாக உட்கார்ந்து புலம்பும்.

ஒரு வருஷம் ஐப்பசி மழையில் கீழைக்கரையின் ஓரம் பொலபொலவென்று சரிந்தது. நல்ல வேளை, முழுசாக உடையவில்லை. மழை விட்டதும் குட்டையை நம்பியிருந்த அத்தனை உயிர்களும் கரையில் கூடிவிட்டன.

"இன்னும் ரெண்டு மூணு வருஷம் கல்லையும் முள்ளையும் போட்டு ஒப்பேத்தலாம்," என்றது ஆமை. "அதுக்கப்புறம் ஒரு பெருமழை வந்தா கரை தாங்காது. கரை போனா தண்ணி போச்சு! சித்திரை வெயில்ல நாமெல்லாம் நாக்கைத் தொங்கப் போட வேண்டியதுதான்!"

மேட்டுக்காட்டிலிருந்து வந்திருந்த கௌதாரி, அலகில் வைத்திருந்த விதைகளைக் கீழே போட்டது.

"இது கொழிஞ்சி. பார்க்க அவுரி மாதிரியே இருக்கும், ஆனா அவுரி இல்ல. ஆடு மாடு வாய் வைக்காது. தண்ணி ஊத்த வேண்டாம், எரு போட வேண்டாம். மேல பார்த்தா ஒரு முயல் உயரம்தான். வேர் இருக்கே, அது நேரா பாதாளத்துக்குப் போகும்! எங்க மேட்டு மண்ணைப் பிடிச்சு வெச்சிருக்கிறதே இதுதான். மூணு மழைக்கு அது பாட்டுக்கு விட்டுடுங்க. ஒண்ணே ஒண்ணு, வேரை மட்டும் தொடக் கூடாது. தொட்டா செடி கோவிச்சுக்கும்."

"சரி, யாரு வளர்க்கிறது?" என்று கேட்டது ஆமை.

மூக்கன் முன்னால் வந்தது. "கரை சரிஞ்சது என் வீட்டு வாசல்ல. என் வாசல் தோட்டமா நெனச்சு நானே வளர்க்கிறேன்!"

குபீரென்று சிரிப்பு கிளம்பியது. பனைமரத்து அணில் வாலைத் தூக்கிக்கொண்டு, "நல்லா இருக்கே கதை! பாலுக்குப் பூனையைக் காவல் வெச்ச மாதிரி!" என்றது.

மூக்கனுக்கு அவமானமாகப் போய்விட்டது. திரும்பி வளைக்குள் நுழையலாம் என்று பார்த்தபோது, கோரைப் புல்லுக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது. நீர்க்கோழி வெள்ளச்சியின் குரல்.

"சிரிச்சது போதும்! இத்தனை வருஷமா நான் இந்தக் கரையோரம்தான் முட்டை வைக்கிறேன். பக்கத்துலதான் மூக்கண்ணன் வளை. ஒரு முட்டையைக்கூட அண்ணன் மோந்து பார்த்ததில்ல. அண்ணனே வளர்க்கட்டும். அதுக்கு நான் பொறுப்பு!"

மூக்கனுக்காக அதுவரை யாரும் அப்படிப் பரிந்து பேசியதே இல்லை. 'இந்தக் கரையை நிக்க வெச்சுக் காட்டணும். பெருச்சாளி காத்த கரைன்னு நாலு பேர் சொல்லணும்' என்று அன்றைக்கே மனசுக்குள் உறுதி எடுத்துக்கொண்டது.

வேலையை ஒழுங்காகத்தான் ஆரம்பித்தது, அதைக் குறை சொல்ல முடியாது. கொழிஞ்சி விதைக்குத் தோல் கெட்டி. அதனால் பாறையில் மணலைப் போட்டு விதையைத் தேய்த்தது. ஒரு நாள் தண்ணீரில் ஊறவைத்தது. சரிந்த இடம் நெடுக வரிசையாக ஊன்றியது. பதினொரு விதை, பதினொன்றும் முளைத்தன! வெட்டுக்கிளி வந்தால் விரட்டும். பக்கத்தில் புல் முளைத்தால் பல்லால் பிடுங்கி எறியும். தாய் பிள்ளையைப் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டது.

ஆனால் செடி? ஒரு சாணுக்கு மேல் ஏறவில்லை.

அணிலுக்கும் பனைமரத்தடியில் ஒரு தோட்டம் உண்டு. அங்கே காசித்தும்பை சிவப்பும் வெள்ளையுமாகப் பூத்துக் குலுங்கியது.

"விதை போட்டு நாற்பதே நாள்! பார்த்தியா என் தோட்டத்தை?" என்றது அணில். "உன் செடி என்னப்பா, இன்னும் தூங்குதா?"

"அது மேல வளராது. வேர் கீழ போய்க்கிட்டிருக்கு."

"நீ பார்த்தியா?"

"பார்க்கல. கௌதாரி சொல்லுச்சு."

"அடேயப்பா! சொன்னதை நம்பி ஊர்க்கரையையே உன்கிட்ட விட்டிருக்கோம். வேரே போகலேன்னா என்ன பண்ணுவே?"

அணில் ஏதோ வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டு மரமேறிப் போய்விட்டது. மூக்கனுக்குத்தான் அது முள்ளாகத் தைத்தது.

பெருச்சாளிக்குக் கண் பார்வை கொஞ்சம் மட்டம். மீசையால் தடவி, மூக்கால் மோந்து பார்த்தால்தான் ஒன்று இருக்கிறது என்று அதற்கு நம்பிக்கை வரும். தோண்டாமல் எதையும் தெரிந்துகொண்டு அதற்குப் பழக்கமே இல்லை.

அன்று பொழுது சாயும் நேரத்தில் முதல் செடியின் ஓரமாக ஒரு சின்னக் குழி தோண்டியது. 'ஒரு விரல் ஆழம்தானே! வேரைத் தொட்டால்தானே தப்பு? மீசைதானே படப்போகுது!' என்று தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டது. மீசையில் குளிர்ச்சியாக வேர் தட்டுப்பட்டது.

"அடியே, இருக்கியா நீ!" என்று சந்தோஷத்தில் கத்தியேவிட்டது. மண்ணைத் தள்ளி மூடியது. அன்றைக்கு நிம்மதியாகத் தூங்கியது.

பத்து நாள் போனதும் மறுபடி மனசு நமநமவென்று அரித்தது. வேர் ஆழமாகப் போயிருந்ததால் குழியும் ஆழமானது. முதல் செடிக்குத் தோண்டினால் இரண்டாவது செடி சும்மா விடுமா? இப்படிப் பத்துச் செடிக்கும் பத்துக் குழி! நீளமாகச் சாய்ந்து கரைக்குள்ளேயே இறங்கின. குழி வாயை மட்டும் மண் போட்டு மூடிவைக்கும். உள்ளே எல்லாம் வெற்றிடம். ஒருமுறை இரண்டு வேர்களின் நுனிகள் அதன் நகம் பட்டு ஒடிந்தே போயின. "ஐயோ, தெரியாமப் பட்டுடுச்சு!" என்று வேருக்கே சொல்லி வருத்தப்பட்டது.

பதினொன்றாவது செடியிடம் மட்டும் மூக்கனின் ஆட்டம் செல்லவில்லை. அதன் அடியில் கட்டெறும்பு புற்று வைத்திருந்தது. ஒருமுறை மூக்கை நீட்டியதற்கு நறுக்கென்று நாலு கடி! "எனக்கு முகம் காட்டாத கழுதை! எப்படியோ போ!" என்று திட்டிவிட்டு, அதன் பக்கம் போவதையே நிறுத்திவிட்டது.

இரண்டு மழைக்காலம் போனது. இரண்டிலும் லேசான மழைதான். பத்துச் செடிகளும் இலை பழுத்துச் சோர்ந்து நின்றன. ஒன்றுகூடப் பூக்கவில்லை. ஏன் வாடுகின்றன என்று பார்க்க, மூக்கன் இன்னும் கொஞ்சம் தோண்டியது. கோளாறு எங்கே என்று அதற்குத் தோன்றவே இல்லை. தோன்றியபோதும் ஒத்துக்கொள்ள மனசு வரவில்லை.

மூன்றாம் வருஷம் புரட்டாசியில் வெள்ளச்சி வந்து செடிகளைச் சுற்றிப் பார்த்தது.

"அண்ணே, இலையெல்லாம் பழுத்திருக்கே. வேரைத் தொடலையே?"

உண்மை மூக்கனின் நாக்கு நுனிவரை வந்தது. அப்போது சொல்லியிருந்தால் போதும். குட்டையிலிருந்த அத்தனை பேரும் சேர்ந்து களிமண்ணை அடைத்து, ஒரே பகலில் பத்துக் குழியையும் மூடியிருப்பார்கள். ஆனால், 'கடைசியில் பெருச்சாளி புத்தியைக் காட்டிட்டான்' என்று அணில் சிரிப்பது அதன் காதில் இப்போதே கேட்டது.

"சேச்சே! இந்த வருஷம் வெயில் கொஞ்சம் கூடுதல் தங்கச்சி. அதான்," என்றது மூக்கன்.

"கரையில சந்தேகம் இருந்தா சொல்லிடு அண்ணே. நான் மேலைக்கரைக்குப் போய் முட்டை வெச்சுக்கிறேன்."

"நான் இருக்கேன்ல! நீ பயப்படாம வை."

வெள்ளச்சி நம்பியது. கீழைக்கரை ஓரத்துக் கோரையில் கூடு கட்டி நாலு முட்டை வைத்தது.

ஐப்பசி பிறந்தது. மூன்று நாள் மழை விடாமல் கொட்டியது. நாலாம் நாள் விடிந்தபோது தண்ணீர் கரையின் தோள்வரை ஏறி நின்றது. முதல் குழியின் வாயில் மண் கரைந்து, தண்ணீர் சுழித்துக்கொண்டு உள்ளே போவதை மூக்கன் பார்த்தது. பாய்ந்து போய்த் தன் உடம்பையே குழிக்குள் திணித்து அடைத்தது. தண்ணீர் இரண்டாவது குழியில் நுழைந்தது. அங்கே ஓடியது. மூன்றாவது திறந்துகொண்டது. பத்துக் குழிக்கு ஒரு பெருச்சாளி எப்படிப் போதும்?

"வெள்ளச்சி! ஓடிடு! கரை போகுது!" என்று அலறியது மூக்கன்.

சொல்லி வாய் மூடவில்லை, கரை மொத்தமாகப் பெயர்ந்து விழுந்தது. கோரையும் கூடும் முட்டையும் செம்மண் தண்ணீரில் உருண்டு போயின. வெள்ளச்சி கத்திக்கொண்டே கூட்டின் பின்னால் ஓடியது. பாதி தூரம் ஓடி, இனி எட்டாது என்று தெரிந்ததும் அப்படியே நின்றுவிட்டது.

மதியத்துக்கு மழை விட்டது. குட்டையில் சேறுதான் மிச்சம். எல்லா உயிர்களும் கரையில் வந்து நின்றன.

உடைந்த கரையின் கோடியில் ஓர் இடம் மட்டும் தூண் மாதிரி தனியாக நின்றது. அதன் உச்சியில் அந்தப் பதினொன்றாவது செடி ஊதாப் பூவும் கொத்துக் காயுமாக நின்றது. சுற்றியிருந்த மண்ணைத் தண்ணீர் அரித்துப் போயிருந்ததால், ஒரு பக்கத்து வேர் மேலிருந்து அடிவரை வெளியே தெரிந்தது. அது நேராக இறங்கி, கிளை விரித்து, ஒரு பிடி மண்ணைக்கூட விடாமல் கவ்விக்கொண்டிருந்தது. மூன்று வருஷமாக எந்த வேரைப் பார்க்கத் துடித்ததோ, அதை மூக்கன் இப்போது தோண்டாமலே முழுசாகப் பார்த்தது.

"மழை பெருசுப்பா. யார் என்ன செய்ய முடியும்?" என்றது ஆமை.

அணில்கூட இறங்கி வந்து, "பாவம், மூக்கன் உடம்பையே கொடுத்து அடைச்சதை நான் மரத்துலேர்ந்து பார்த்தேன். உன்னைக் கேலி பேசினதுக்கு மன்னிச்சுக்கப்பா. நீ கரையைக் காத்தவன்தான்!" என்றது.

வாழ்நாளெல்லாம் எந்தப் பெயருக்கு ஏங்கியதோ அந்தப் பெயர் கிடைத்துவிட்டது. அதைக் கேட்க முடியாமல் மூக்கன் காதைப் பொத்திக்கொண்டது.

"காத்தவன்னு சொல்லாதீங்க!" என்று உடைந்து அழுதது. "வேர் போகுதான்னு பார்க்க நான்தான் தோண்டினேன். பத்துச் செடிக்கும் தோண்டினேன். நான் தொடாத ஒரு செடிதான் நிக்குது, பாருங்க!"

யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது மூக்கனுக்கு. வெள்ளச்சி மெதுவாக அருகில் வந்தது.

"தோண்டினதுகூடப் போகட்டும் அண்ணே. உன் புத்தி அது, விட்டுடலாம். ஆனா நான் வந்து கேட்டேனே. அன்னைக்கு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!"

வெள்ளச்சி தண்ணீர் இருக்கும் இடம் தேடி வடக்கே நடந்தது. ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

காய் முற்றியதும் மூக்கன் அந்த ஒற்றைச் செடியின் விதைகளைப் பொறுக்கி ஆமையின் முன்னால் வைத்தது. "நீங்களே நட்டுடுங்க. நான் எட்டவே இருந்துக்கிறேன்," என்று சொல்லிவிட்டுத் தொலைவில் மேட்டுக்காட்டுக்குக் குடிபோய்விட்டது. மற்ற உயிர்கள் மண்ணைக் குவித்துக் கரையை எழுப்பி விதையை ஊன்றின. பல மழைக்குப் பிறகு கொழிஞ்சி கரை முழுக்கப் படர்ந்தது. குட்டையும் மறுபடி நிறைந்தது. ஐப்பசி வந்தால் மூக்கன் மேட்டில் நின்று, கோரைப் பக்கமிருந்து ஒரு குரல் கேட்காதா என்று காது கொடுத்துக் காத்திருக்கும். வெள்ளச்சி வரவே இல்லை.

நம்பி விட்டுவைக்க வேண்டியதைத் தோண்டிப் பார்ப்பவன் அதைக் கெடுப்பான்; கெடுத்ததை மறைப்பவன் தன்னை நம்பியவரையும் சேர்த்துக் கெடுப்பான்.