முதல் கோடு

டாக்டர் தேன்மொழியிடம் பாடம் கற்க வந்த சீடர், அவரைவிட வயதில் மூத்தவர். பெயர் அருளப்பன். பாதி ஆயுளை மயக்க மருந்து கொடுப்பதில் கழித்த டாக்டர். தலை நரைத்த பிறகு வேறொரு வேலையைக் கற்றுக்கொள்ள வந்திருந்தார்.

முதுகெலும்பைத் திறந்து ஆபரேஷன் நடக்கும். நோயாளி தூங்கிக்கொண்டிருப்பார். கை கால் நன்றாக இருக்கிறதா என்று அவரை எழுப்பிக் கேட்க முடியாது. அதனால் ஒருவர் ஓரமாக, ஒரு திரைக்கு முன்னால் உட்கார்ந்து, அந்த நரம்புகளையே கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். அதுதான் வேலை.

அருளப்பன் தேன்மொழியை 'மேடம்' என்பார். தேன்மொழி அருளப்பனை 'சார்' என்பார். வார்டு ஆயா மட்டும் இதில் யார் வாத்தியார் என்று கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. அருளப்பனைப் "பெரிய டாக்டர்" என்றும், தேன்மொழியைப் "பாப்பா" என்றும்தான் கூப்பிட்டாள்.

ஒரு நாள் மாலை அருளப்பன் கேட்டார்.

"மேடம், நிஜமான ஆபத்து எது, சும்மா பயமுறுத்துறது எதுன்னு எப்படித் தெரிஞ்சுக்கிறது?"

கேள்விக்குக் காரணம் இருந்தது. போன வாரம் அவர் "கால் போகுது!" என்று கத்தி ஒரு ஆபரேஷனை நிறுத்தியிருந்தார். பார்த்தால், கணுக்காலில் ஒரு வயர் கழன்றிருந்தது. அவ்வளவுதான். அன்றிலிருந்து சர்ஜன் கிருபாகரன் அவரை "அலாரம் சார்" என்று கூப்பிட ஆரம்பித்தார். தியேட்டரில் எல்லோரும் சிரித்தார்கள். அருளப்பனும் சிரித்தார். அன்று வீட்டுக்குப் போய் அவர் சாப்பிடவில்லை.

"வாங்க சார். நாளைக்கு ஆபரேஷன் ஆகப்போற குழந்தையைப் பார்த்துட்டு வரலாம்" என்றார் தேன்மொழி.

குழந்தையின் பெயர் ரெபெக்கா. வீட்டில் பெக்கி. மூன்றாம் வகுப்பு. முதுகு, பாம்பு போனது போல வளைந்திருந்தது. கம்பி வைத்து நிமிர்த்தப்போகிறார்கள்.

"கால் பெருவிரலை மட்டும் தூக்கு பார்க்கலாம்" என்றார் அருளப்பன்.

"இதுகூடத் தெரியாதா எனக்கு?" என்று தூக்கிக் காட்டினாள். இடது கால் பெருவிரல் நகத்தின் ஓரத்தில் சிவப்பாக ஒரு பொட்டு. "நர்ஸ் அக்கா எல்லா நெயில் பாலிஷையும் அழிச்சிட்டாங்க. இது மட்டும் தப்பிச்சிடுச்சு. சொல்லிடாதீங்க தாத்தா டாக்டர்."

"சொல்ல மாட்டேன்."

கட்டில் ஓரத்தில் அம்மா நின்றிருந்தாள். ஜான்சி. மிகவும் இளவயது. காலையிலிருந்து உட்காரவே இல்லை என்று ஆயா சொன்னாள்.

"டாக்டர், ஆபரேஷன்ல காலுக்கு ஒண்ணு ஆகுதுன்னா, தூக்கத்துல அவளுக்கு வலிக்காதே. எப்படிச் சொல்லுவா?"

"அவ சொல்ல வேண்டாம்மா" என்றார் தேன்மொழி. "தலையில சின்னதா கரண்ட் வச்சுத் தட்டுவோம். அது முதுகு வழியா இறங்கிக் காலுக்குப் போகும். கால் துடிக்கும். அந்தத் துடிப்பு திரையில ஒரு கோடா வரும், மலை மாதிரி ஏறி இறங்கும். நாங்க தட்டிக்கிட்டே இருப்போம். கால் பதில் சொல்லிக்கிட்டே இருக்கும்."

"பதில் சொல்லலைன்னா?"

"சர்ஜனைக் கையை எடுக்கச் சொல்லுவோம்."

"எடுப்பாரா?"

"எடுக்கணும்."

ஜான்சி மகளின் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"யூனிஃபார்ம் ஸ்கர்ட் எப்பவும் ஒரு பக்கம் இறங்கியே இருக்கும் டாக்டர். டெய்லர் கோணலா வெட்டிட்டார்னு அவரைத் திட்டிட்டு, அந்தப் பக்கம் கொஞ்சம் மடிச்சுத் தைச்சேன். மறுபடி இறங்குச்சு. மறுபடி மடிச்சேன். ஸ்கூல் அசெம்பிளியில சிஸ்டர் எல்லார் முன்னாடியும் நிக்க வச்சுடுவாங்களேன்னுதான். தினமும் நான்தான் குளிப்பாட்டுறேன். இந்தக் கையாலதான் முதுகு தேய்க்கிறேன். எனக்குத் தெரியலை. மஸ்கட்ல இருந்து லீவுக்கு வந்த நாத்தனார், வாசல்ல செருப்பைக்கூடக் கழட்டலை, 'என்ன அண்ணி, இவ இப்படிக் கோணிட்டா?'ன்னு கேட்டா."

மகளின் போர்வையை இழுத்துச் சரிசெய்தாள்.

அருளப்பனுக்கு மனசு கேட்கவில்லை. "தினமும் பார்க்கிற கண்ணுக்குத் தெரியாதும்மா" என்றார். "கொஞ்சம் கொஞ்சமாத்தானே மாறுது."

தேன்மொழி அவரைத் திரும்பிப் பார்த்தார்.

வராந்தாவுக்கு வந்ததும் அருளப்பன் ஞாபகப்படுத்தினார். "மேடம், என் கேள்வி?"

"நாளைக்குப் பேசலாம் சார்."

மறுநாள் பெக்கியைத் தூங்கவைத்தார்கள். நாக்கைக் கடித்துக்கொள்ளாமல் இருக்கப் பற்களுக்கு நடுவே துணிச்சுருள். தலையிலும், இரண்டு கைகளிலும், இரண்டு கால்களிலும் மெல்லிய ஊசிகள். பிறகு குப்புறப் படுக்கவைத்தார்கள்.

கத்தி படுவதற்கு முன்னால் தேன்மொழி ஒரு முறை தட்டினார். அந்தச் சின்ன உடம்பு ஒரு கணம் துள்ளி அடங்கியது. திரையில் கைகளுக்கு இரண்டு கோடு, கால்களுக்கு இரண்டு கோடு. இடது காலின் மலை நல்ல உயரம். ஒரு பட்டனை அழுத்தினார். நான்கு கோடுகளும் பச்சையாகத் திரையில் தங்கின.

"இதுதான் முதல் கோடு. இனிமே வர்றதையெல்லாம் இதோட வச்சுத்தான் பார்க்கணும். பிடிச்சுக்கோங்க சார்."

"சரி மேடம்."

ஆபரேஷன் தொடங்கியது. தட்டும்போதெல்லாம் குழந்தை துள்ளும் என்பதால், ஒவ்வொரு தடவையும் சர்ஜன் கையை எடுக்க வேண்டும்.

"கையை எடுங்க சார்."

"எடுத்தாச்சு அலாரம் சார்."

கம்பி உள்ளே போன சமயம், பக்கத்துத் தியேட்டரிலிருந்து அவசரமாக ஆள் வந்தது. தேன்மொழி தயங்கினார். திரையைப் பார்த்தார். அருளப்பனைப் பார்த்தார். "இதோ வந்துடறேன்" என்று போனார்.

கிருபாகரன் கம்பியைத் திருப்பி முதுகை நிமிர்த்த ஆரம்பித்தார்.

அருளப்பன் தட்டினார். இடது காலின் மலை, பச்சைக் கோட்டைவிடக் கொஞ்சம் தணிந்திருந்தது.

மருந்து, என்று நினைத்தார். மயக்க மருந்து ஏற ஏறக் கோடு சிறுக்கும். அது அவருக்குத் தெரிந்த விஷயம். இத்தனை வருடம் அவர் கொடுத்த மருந்து. தெரிந்த விஷயம் ஒன்று கையில் கிடைத்ததில் அவருக்கு ஒரு நிம்மதிகூட வந்தது. பட்டனை அழுத்தினார். தணிந்த மலையே புதிய பச்சைக் கோடாக மாறியது. இப்போது வித்தியாசம் இல்லை.

மறுபடி தட்டினார். இன்னும் கொஞ்சம் தணிவு. மருந்து. அழுத்தினார்.

"என்ன அலாரம் சார், இன்னிக்குச் சத்தத்தையே காணோம்?"

"எல்லாம் நல்லா இருக்கு சார்."

"அப்படிச் சொல்லுங்க. வயர் எல்லாம் ஒழுங்கா ஒட்டியிருக்கா?"

யாரோ சிரித்தார்கள். கம்பி திரும்பியது. அருளப்பன் தட்டினார். அழுத்தினார்.

தேன்மொழி திரும்பி வந்தபோது, இடது காலின் பச்சைக் கோடும் இப்போதைய கோடும் ஒன்றின்மேல் ஒன்றாக அச்சு அசலாகப் பொருந்தியிருந்தன.

"முதல் கோடு எங்கே சார்?"

"மருந்துல மெதுவாச் சின்னதாயிட்டே வந்தது மேடம். அதான் மாத்தி மாத்தி..."

தேன்மொழி உட்காரவில்லை. நின்றபடியே காலையில் எடுத்ததைத் தேடித் திரைக்குக் கொண்டுவந்தார். இடது காலில் பச்சையாக ஒரு மலை. அதன் அடியில், எறும்பு ஊர்ந்த தடம் போல இப்போதைய கோடு.

"மருந்துன்னா கையும் சின்னதாகணுமே சார்."

அருளப்பன் கைகளின் கோடுகளைப் பார்த்தார். காலையில் இருந்தபடியே இருந்தன. இவ்வளவு நேரம் அவர் அவற்றைப் பார்க்கவே இல்லை.

தேன்மொழி குனிந்து துணிக்கு அடியில் கையை விட்டு, காலின் வயரைத் தடவிப் பார்த்தார். கழலவில்லை. நிமிர்ந்து, "சொல்லுங்க" என்றார்.

அருளப்பன் சர்ஜனின் பக்கம் திரும்பினார்.

"சொல்லுங்க சார்!"

"டாக்டர், கையை எடுங்க. இடது கால் போகுது."

"வயரைப் பாருங்கய்யா."

"பார்த்தாச்சு. வயர் இல்லை. கால்."

கிருபாகரன் கையை எடுத்தார். இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை.

ரத்த அழுத்தத்தை ஏற்றினார்கள். வெதுவெதுப்பான சலைனை ஊற்றினார்கள். திருப்பிய கம்பியைத் தளர்த்தினார்கள். தட்டினார்கள். ஒன்றும் இல்லை. காத்திருந்தார்கள். தட்டினார்கள். ஒன்றும் இல்லை.

வெளியே ஜான்சி மகளின் ஹேர் கிளிப்பைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள். டக். டக். உள்ளே நடப்பது எதுவும் அவளுக்குத் தெரியாது.

மறுபடி தட்டினார்கள். கோடு அசைந்த மாதிரி இருந்தது. அசைந்ததா, ஆசையா என்று அருளப்பனுக்குத் தெரியவில்லை. அடுத்த தடவை ஒரு மேடு எழுந்தது. அதற்கடுத்த தடவை பாதி மலை. பிறகு, பச்சைக் கோட்டுக்கு மிக அருகில்.

"இதுக்கு மேல நிமிர்த்தவா?" என்றார் கிருபாகரன்.

"வேண்டாம் சார்" என்றார் தேன்மொழி.

"கொஞ்சம் கோணல் நிக்கும்."

"நிக்கட்டும்."

மயக்கம் தெளிந்தபோது பெக்கி வலது காலை ஆட்டினாள். இடது கால் அப்படியே கிடந்தது.

அருளப்பன் அவள் காதருகே குனிந்தார். "பெருவிரலை மட்டும் தூக்கு கண்ணு."

ஒன்றும் இல்லை.

"பெக்கி. தாத்தா டாக்டர் கேக்குறேன்ல. பெருவிரல்."

நகத்தின் ஓரத்திலிருந்த சிவப்புப் பொட்டு மெல்ல மேலே எழுந்தது.

"தெரியாதா எனக்கு" என்று குழறிவிட்டு, அவள் மறுபடி தூங்கிப்போனாள்.

அருளப்பனே வெளியே போய் ஜான்சியிடம் சொன்னார். நடந்ததையெல்லாம் மறைக்காமல் சொன்னார். முழுக்க நிமிர்த்த முடியவில்லை என்பதையும் சொன்னார். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"அப்போ ஸ்கர்ட் இன்னமும் ஒரு பக்கம் இறங்குமா டாக்டர்?"

"கொஞ்சம் இறங்கும்மா."

"மடிச்சுத் தைச்சுக்கிறேன்" என்றாள். அப்போதுதான் முதல்முறையாக உட்கார்ந்தாள். உட்கார்ந்து அழுதாள்.

தேன்மொழி வராந்தாவின் கோடியில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். அருளப்பன் பக்கத்தில் போய் நின்றார்.

"மேடம், நேத்து அந்த அம்மாவுக்கு நான் ஆறுதல் சொன்னேனே. தினமும் பார்க்கிற கண்ணுக்குத் தெரியாதுன்னு."

"ஆமா சார். சொன்னீங்க."

"அதையே எனக்கும் சொல்லிக்கலாமா?"

தேன்மொழி டம்ளரைக் கீழே வைத்தார்.

"அவங்க கையில முதல் கோட்டை யாரும் கொடுக்கலை சார். உங்க கையில நான் கொடுத்துட்டுத்தான் போனேன்."